கோட்டோரத்து நாற்காலி

விசாலாக்ஷியை அந்த நாற்காலியில் உட்காரவைத்ததே, அவள் மகளை எதிர்த்து ஆட இருந்த சபாதான். மாதவ் எவ்வளவோ தடுத்துப் பார்த்தான். "பொண்ணு ஆடற மேட்சுக்கு அம்மாவே லைன் பாக்கறதா? நன்னாவா இருக்கும்?" என்று மைக்கைக் கையால் பொத்திக்கொண்டு கேட்டான். மும்பைத் தமிழ்க் குடும்பங்களின் வருடாந்திரப் பேட்மிண்டன் போட்டிக்கு அவன்தான் செயலாளர். மாட்டுங்காவில் ஒரு ஹால் பிடிப்பதற்கே நாக்குத் தள்ளிவிடும். கோடு பார்க்கத் தனியாக ஆளுக்கு எங்கே போவது? அதனால் தோற்றவர் அடுத்த ஆட்டத்துக்குக் கோடு பார்க்கவேண்டும் என்று ஆரம்பத்திலிருந்தே ஒரு வழக்கம். தோற்ற கடுப்பில் பாதிப் பேர் ஷூவைக் கழற்றிக்கொண்டு வடாபாவ் தின்னக் கிளம்பிவிடுவார்கள் என்பது வேறு விஷயம். அன்றைக்கும் பெண்கள் இறுதி ஆட்டத்துக்கு முன்னால் தோற்று, ஓடிப்போகாமல் நின்றது விசாலாக்ஷி ஒருத்திதான்.

"அரே மாதவ் அண்ணா, ஆன்ட்டியே இருக்கட்டும்," என்றாள் சபா. "வேற யாரு பாத்தாலும் எனக்கு டவுட் வரும். ஆன்ட்டி பாத்தா வராது."

தாராவியில் தோல்பை ஒர்க்ஷாப் வைத்திருக்கும் ஜெயினுலாப்தீனின் மகள் சபா. அவள் சொன்னதை அந்த ஹாலில் யாரும் மறுக்கமுடியாது. செம்பூர் மாமி என்று எல்லோரும் கூப்பிடும் விசாலாக்ஷி கோட்டைப் பார்த்துச் சொல்லிவிட்டால் அதற்கு அப்பீல் கிடையாது. போன வருடம் சொந்தக் கணவரின் ஸ்மாஷுக்கே அவுட் கொடுத்தவள். மனுஷர் இரண்டு நாள் முகம் கொடுத்துப் பேசவில்லை. "பேசாட்டா போங்கோ, வெளியேன்னா வெளியேதான்," என்று ரசத்தை அவர் பக்கம் நகர்த்திவைத்துவிட்டுத் தன் வேலையைப் பார்க்கப் போய்விட்டாள். நேர்மை என்று அவள் அதற்குப் பெயரெல்லாம் வைத்ததில்லை. கண் இருக்கிறது, பார்த்ததைச் சொல்கிறோம், இதில் என்ன பெரிய சங்கதி என்றுதான் நினைத்திருந்தாள்.

ஆனால் மகள் சாதனாவுக்கு இது கடைசி வருடம். அடுத்த மாதம் ஹைதராபாத்தில் வேலைக்குச் சேர்கிறாள். இரண்டு வருடமாக இறுதி ஆட்டத்தில் சபாவிடமே தோற்றிருக்கிறாள்; போன தடவை வீட்டுக்கு வந்து பாத்ரூம் குழாயைத் திறந்துவிட்டு உள்ளே அழுதது விசாலாக்ஷிக்குக் கேட்காமலா இருந்தது? காலையில் கிளம்பும்போது, "இந்த ஒரு தடவை ஜெயிச்சுட்டுப் போயிடறேம்மா," என்றாள். விசாலாக்ஷி தண்ணீர் பாட்டிலை நிரப்பிக் கொடுத்தாள்.

ஆளுக்கு ஒரு கேம் எடுத்து, மூன்றாவதில் இழுபறி. நடுவில் சபா அடித்த ஒன்று கோட்டோரம் விழுந்தது. விசாலாக்ஷி சட்டென்று கையை நீட்டிக் கோட்டைக் காட்டினாள். உள்ளே விழுந்தால் அப்படித்தான், வாய் திறக்காமல் காட்டவேண்டும். "அம்மா!" என்று சாதனா பல்லைக் கடித்தாள். கூட்டத்தில் யாரோ, "மாமின்னா மாமிதான்யா," என்றார்கள். பொய் சொல்வானேன், விசாலாக்ஷிக்கு உள்ளூரப் பெருமையாகத்தான் இருந்தது.

கடைசியில் சாதனா இருபது, சபா பத்தொன்பது. இன்னும் ஒன்றே ஒன்று எடுத்தால் கோப்பை சாதனாவுக்கு. சபா உயரத் தூக்கிப் பின்மூலைக்கு அனுப்பினாள். சாதனா பின்னாலேயே ஓடிவந்தாள், ராக்கெட்டை ஓங்கினாள், அவுட் போகும் என்று நினைத்தோ என்னவோ அடிக்காமல் விட்டுவிட்டாள். ஷட்டில் நேராக இறங்கி, விசாலாக்ஷியின் கண்ணெதிரே, வெள்ளைக் கோட்டின் நட்டநடுவில் விழுந்தது. துளிச் சந்தேகத்துக்கு இடமில்லை. உள்ளே என்று மனதில் சொல்லியும் விட்டாள்.

"அவுட்!" என்று ஒரு குரல் கேட்டது. அவளுடைய குரல்தான். இரண்டு கைகளும் பக்கவாட்டில் விரிந்து நின்றன.

ஐயோ, என்ன பண்ணித் தொலைத்தேன்! ஹால் இரண்டுபட்டது, மாதவ் மைக்கில் சாதனாவின் பெயரைக் கத்தினான், விசாலாக்ஷியால் கையை இறக்கக்கூட முடியவில்லை. எழுந்து சொல்லு, தப்பு என்று சொல்லு என்று தன்னையே விரட்டினாள். சபா சண்டைக்கு வருவாள், வந்ததும் ஒத்துக்கொள்ளலாம் என்று காத்திருந்தாள். சபா கோட்டைப் பார்த்தாள், அவளைப் பார்த்தாள், சரி என்று தலையாட்டிவிட்டுக் கைகொடுக்க வலைப் பக்கம் போய்விட்டாள்.

சாதனா ஓடிவந்து வியர்வையோடு கட்டிக்கொண்டாள். விசாலாக்ஷி அவள் காதோரம், "சாதனா, அது உள்ளே விழுந்ததுடி," என்றாள்.

அணைத்த கை கொஞ்சமும் தளரவில்லை. "தெரியும்மா. நானும் பாத்தேன். பேசாம இரு."

விசாலாக்ஷிக்குத் தூக்கிவாரிப்போட்டது. யாருடி நீ என்று கேட்க வாயெடுத்தாள். அதைக் கேட்க எனக்கு என்ன யோக்கியதை இருக்கிறது என்று அந்த வாயை மூடிக்கொண்டாள். சாதனா அதற்குள் கோப்பை வாங்கப் போய்விட்டாள்.

பையை மாட்டிக்கொண்டு சபா வந்தாள், பின்னாலேயே ஜெயினுலாப்தீன். முகத்தில் வருத்தம் இருந்தது, கோபம் மருந்துக்கும் இல்லை.

"ஆன்ட்டி, அது உள்ளன்னுதான் நெனச்சேன். ஸச்சி, நெசமாத்தான். ஆறு மாசமா டெய்லி அந்த ஒரு ஷாட்டத்தான் போட்டுப் பழகுதேன்."

"ஒன் கண்ணு தப்பாருக்கும் புள்ள, அந்தம்மா பாத்தா சரியாத்தான் இருக்கும்னேன்," என்றார் ஜெயினுலாப்தீன்.

"அதாம் வாப்பா, கேக்கத்தானே வந்தேன். எவ்ளோ வெளிய போச்சு ஆன்ட்டி? கரெக்டா சொல்லுங்க, அந்த அளவு கொறச்சுப் போட்டுப் பழகிக்கிடுதேன்." சபா கட்டைவிரலையும் ஆள்காட்டிவிரலையும் விரித்துக் காட்டினாள். "இவ்ளோவா?" கொஞ்சம் குறுக்கினாள். "இவ்ளோ?"

அப்பால் கோப்பையோடு நின்ற சாதனா போட்டோவுக்குச் சிரிப்பதை நிறுத்திவிட்டு இங்கேயே பார்த்தாள்.

விசாலாக்ஷி கையைத் தூக்கினாள். இரண்டு விரல்களும் ஒட்டிக்கொண்டிருந்தன, பிரிக்க வரவில்லை. அளவு தெரிந்துகொள்ள, சபா இன்னும் கிட்டே குனிந்து அந்த விரல்களையே பார்த்தாள்.