சாவிக்கு ஒரு ரசீது

அந்தத் தையற்கடைச் சாவி எங்கள் காவல் நிலையத்தில், இன்ஸ்பெக்டர் மேசையின் இழுப்பறையில் மூன்று நாள் கிடந்தது. நான் அங்கே எழுத்தர். வருகிற புகாரையும் பிடித்து வைக்கிற பொருளையும் பதிவேட்டில் ஏற்றுவது என் வேலை. அந்தச் சாவியை மட்டும் எதிலும் ஏற்றவில்லை.

அது அப்பா விட்டுப்போன கடை. பதினெட்டு வருடமாகத் தங்கை அதில் தைக்கிறார். அண்ணனுக்கு அதை விற்றாக வேண்டும். உயிலும் இல்லை, பாகமும் பிரிக்கவில்லை. கோர்ட்டுக்குப் போனால் தலை நரைத்துவிடும் என்று அண்ணன் நேராக எங்கள் இன்ஸ்பெக்டரிடம் வந்தார். இருவரும் பள்ளிக்கூடத்தில் ஒரே பெஞ்சு. நாங்கள் தையலக்கா என்று கூப்பிடும் அந்தத் தங்கையை இன்ஸ்பெக்டர் வரவழைத்தார்.

"சண்டை தீர்ற வரைக்கும் சாவி ஸ்டேஷன்ல இருக்கட்டும்மா. ரெண்டு பேருக்கும் நல்லது."

அடிக்கவில்லை, திட்டவில்லை. சிரித்துக்கொண்டேதான் வாங்கி உள்ளே போட்டார். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. ஆனாலும் வாயைத் திறக்கவில்லை. எனக்கும் வீட்டில் அடுப்பு எரிய வேண்டுமே.

மறுநாள் காலை ஒன்பது மணிக்கு அக்கா ஒரு பையோடு வந்து நின்றார்.

"சார், சாவி வாங்கினதுக்கு ஒரு ரசீது குடுங்க."

"எதுக்கும்மா ரசீது? பத்திரமாத்தானே இருக்கு."

"ஒரு சட்டைத்துணி வாங்கினாக்கூட நான் சீட்டு எழுதிக் குடுப்பேன் சார். நீங்க என் கடையையே வாங்கி வச்சிருக்கீங்க."

இன்ஸ்பெக்டர் என்னைப் பார்த்தார். நான் பதிவேடுகளைப் பார்த்தேன். கைப்பற்றிய பொருள் என்று எழுத ஒரு வழக்கு வேண்டும். கண்டெடுத்த பொருள் என்று எழுத அது தொலைந்திருக்க வேண்டும். பறிகொடுத்தவரோ எதிரிலேயே நிற்கிறார்.

"அப்புறம் பாக்கலாம், போங்க."

"இருக்கேன் சார்," என்று பெஞ்சில் உட்கார்ந்தவர், பையிலிருந்து ஒரு சட்டையை எடுத்துப் பொத்தான் துளைகளுக்குக் காஜா எடுக்க ஆரம்பித்தார். சாயங்காலம் வரை எழுந்திருக்கவில்லை. அடுத்த நாளும் அதே பெஞ்சு, அதே ஊசி. வருகிறவர்கள் எல்லாம் என்ன கேஸ் என்று விசாரிப்பார்கள். "கேஸ் இல்லீங்க, ரசீதுக்குக் காத்திருக்கேன்," என்பார், உள் அறைக்குக் கேட்கிற மாதிரி. இன்ஸ்பெக்டர் பாடு, வேலியில் போன ஓணானை எடுத்து வேட்டியில் விட்டுக்கொண்ட கதையாகிவிட்டது. இந்த லட்சணத்தில் எங்கள் ஏட்டையா ஒருவர், அறுந்த பொத்தானை அவரிடமே கொடுத்துத் தைத்து வாங்கிக்கொண்டார்.

மூன்றாம் நாள் அண்ணன் வந்தார்.

"என்னடா, ஒரு பொம்பளைய சமாளிக்க முடியலையா? கடைய விட்டுக் குடுக்கறேன்னு எழுதி வாங்கிடு."

இன்ஸ்பெக்டர் என் பக்கம் திரும்பினார். "எழுதுய்யா."

பேனாவை எடுத்தேன். அக்கா ஊசியைத் துணியில் குத்தி நிறுத்திவிட்டு என்னையே பார்த்தார். எனக்கு வெட்கமாக இருந்தது.

"எழுதறேன் சார். எந்தச் சட்டப்படி, யார் உத்தரவுன்னு மேல ஒரு வரி போடணும். நீங்க சொல்லுங்க, போட்டுக்கறேன். கீழ உங்க கையெழுத்தும் வேணும்."

என் குரல் எனக்கே புதிதாக இருந்தது. இன்ஸ்பெக்டர் என்னை முறைத்தார். நான் பேனாவைக் கீழே வைக்கவில்லை. அவர் இழுப்பறையைத் திறந்து சாவியை மேசைமேல் போட்டார்.

"இது கோர்ட் வேலைடா. எங்களால ஆகாது. போய் ஒரு வக்கீலைப் பாரு," என்றார் நண்பரிடம்.

"கோர்ட்டுன்னா எத்தனை வருஷம் ஆகும் தெரியுமா?"

"ஆகட்டும்ணே," என்றார் அக்கா. "நானும் வர்றேன். கடை உனக்குன்னு தீர்ப்பாச்சுன்னா, சாவிய நானே உன் கையில குடுப்பேன்."

அண்ணன் விருட்டென்று வெளியே போனார். இன்ஸ்பெக்டருக்கு மனசு ஆறவில்லை.

"ஏம்மா, வேற சாவி இல்லாமலா மூணு நாளா இங்க உக்காந்து எங்க உயிரை வாங்கினீங்க?"

அக்கா பைக்குள் கைவிட்டு, நூற்கண்டுகளுக்கு அடியிலிருந்து இன்னொரு சாவியை எடுத்துக் காட்டினார்.

"மொத நாள்லேர்ந்து இதுலதான் சார் இருக்கு. இதப் போட்டுத் தொறந்திருந்தா, என் கடைய நானே திருடின மாதிரி ஆயிருக்கும். வாங்கின கைதான் திருப்பிக் குடுக்கணும்."

மேசைமேல் கிடந்த சாவியை அவர் தொடவில்லை. கையை மட்டும் நீட்டினார். இன்ஸ்பெக்டர் எழுந்து, சாவியை எடுத்து, அந்தக் கையில் வைத்தார்.