மாப்பிள்ளைக்கு அப்பாவும் மாப்பிள்ளை

லட்கியா தன் வாழ்நாளில் ஒரே ஒரு தடவைதான் பெரிய மனிதராக நடந்துகொண்டார். அது மகளின் படிப்புக்கே உலை வைத்துவிட்டது.

ரசிகாவுக்குக் கால்நடை மருத்துவக் கல்லூரியில் பழங்குடியினருக்கான இடம் கிடைத்திருந்தது. அவள் வார்லிப் பழங்குடிதான் என்று சரிபார்ப்புக் குழு சான்று தந்தால்தான் அந்த இடம் நிலைக்கும். வீட்டுக்கு விசாரிக்க வந்த குழுவின் இன்ஸ்பெக்டர் குல்தே, "உங்க கல்யாணம் எப்படி நடந்துச்சு?" என்று கேட்டார். தஹானுவில் ஆட்டோ ஓட்டும் லட்கியா, இஸ்திரி போட்ட சட்டையின் காலரை நீவிக்கொண்டு, "கோயில்ல, சாகேப். பண்டிதர் வச்சு, அக்கினிய ஏழு சுத்து சுத்தி" என்றார். உள்ளே ரசிகாவின் அம்மா ஜம்னிக்குத் தேநீர் புரையேறியது.

உண்மையில் இரண்டு பேருக்கும் கல்யாணமே ஆகவில்லை. சேர்ந்து குடித்தனம் நடத்தி, பிள்ளை பெற்று, ஊருக்கு விருந்து போட வசதி வரும்போது மணம் முடிப்பது வார்லிகளுக்குப் புதிதல்ல. லட்கியாவுக்கு வசதி வருவதற்குள் மூத்தவன் தினேஷுக்கே பெண் பார்த்தாயிற்று. பெற்றவர்களுக்கு மணமாகாமல் மகனுக்கு மணம் செய்யக் கூடாது. ஆகவே ஒரே பந்தலில் இரண்டு ஜோடி என்று பேசி முடித்திருந்தார்கள். இதைப் பேண்ட்டுக்குள் சட்டையைச் செருகிய அதிகாரியிடம் எந்த வாயால் சொல்வது?

குழுவிலிருந்து நோட்டீஸ் வந்தது. பழைய காகிதங்களில் குறையில்லை. ஆனால் குடும்பத்தின் சடங்குகள் வார்லி வழக்கத்தோடு ஒத்துப்போகவில்லை. விண்ணப்பத்தை ஏன் தள்ளக் கூடாது என்று கேட்டிருந்தார்கள்.

"பண்டிதரா?" என்றாள் ரசிகா. "எந்தப் பண்டிதர்ப்பா?"

"சினிமால பாத்தவருதான்."

"அந்தாளு நம்ம வீட்டுக்கு வந்ததே இல்ல" என்றாள் ஜம்னி. "வந்திருந்தா நானாவது கழுத்துல ஏதாச்சும் கட்டச் சொல்லியிருப்பேன்."

குழுவின் விசாரணை அறையில் மூன்று அதிகாரிகள், குல்தே, ரசிகா. மூலையில் லட்கியா, அதே சட்டையில்.

"இன்ஸ்பெக்டர் அறிக்கைக்குப் பதில் சொல்ல எனக்குச் சட்டம் இடம் குடுத்திருக்கு, சார்" என்றாள் ரசிகா. "என் பதில் இதுதான். அப்பா சொன்னது பொய். அவங்களுக்கு இன்னும் கல்யாணம் ஆகல."

குழுத் தலைவர் கண்ணாடியைக் கழற்றினார். "ஏன்யா பொய் சொன்னே?"

"வெக்கம், சாகேப். கௌரவமா இருக்கட்டுமேன்னு..."

"இப்ப சொல்றது மட்டும் உண்மைன்னு எப்படி நம்புறது?"

"நம்ப வேணாம் சார்" என்றாள் ரசிகா. "மறுபடி நேர்ல வந்து விசாரிக்கச் சொல்லி எழுதிக் குடுத்திருக்கேன். வர்ற புதன்கிழமை கல்யாணம். அப்பாவுக்கும் அண்ணனுக்கும். அத விசாரிக்காம என் மனுவ நீங்க தள்ள முடியாது."

மூன்று பேரும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். "குல்தே, போயிட்டு வாங்க" என்றார் தலைவர்.

புதன்கிழமை குல்தே பந்தலுக்குள் நுழைந்தபோது, பாட்டுப் பாடி மணம் நடத்தி வைக்கும் தவளேரி கிழவி உச்சத்தில் இருந்தாள். அவர் பேனாவைத் திறந்தார்.

"கீழ உக்காரு. பாட்டு நடுவுல நிக்காது" என்றாள் அவள், தாளம் தப்பாமல். குல்தே உட்கார்ந்தார்.

மஞ்சளில் குளித்து எழுந்தவர் மாதிரி லட்கியா இருந்தார். பக்கத்தில் அதே கோலத்தில் தினேஷ். பாட்டு ஓய்ந்ததும் குல்தே கேட்டார்: "இதுல யாருக்கு முதல்ல?"

"கெழட்டு ஜோடிக்கு. அது முடிஞ்சாத்தான் மகனுக்கு" என்றாள் கிழவி.

"இவங்களுக்கு மொத்தம் எத்தனை பிள்ளைங்க?"

"ஒண்ணு மாப்பிள்ளையா உக்காந்திருக்கு. இன்னொண்ணு ஒன் பின்னாடி நின்னு போட்டோ எடுக்குது. போதுமா?"

பந்தலே சிரித்தது. குல்தேயும் சிரித்துக்கொண்டே எழுதினார். தார்ப்பாக் குழலை ஊதத் தொடங்கியதும் யாரோ அவரையும் ஆட்டத்தில் இழுத்துவிட்டார்கள். ஊதுகிறவனுக்கு முதுகைக் காட்டித் திரும்பினார். "தார்ப்பாவுக்கு முதுகு காட்டக் கூடாது!" என்று அதட்டி, பத்துக் கைகள் அவரைப் பிடித்துச் சரியான பக்கம் திருப்பிவிட்டன. அந்த அதட்டலையும் அறிக்கையில் சேர்த்துக்கொண்டார் என்று பிறகு தெரிந்தது.

கல்லூரி சேர்க்கை முடிவதற்கு முன்பே சான்று வந்தது. ரசிகா அதை ஆட்டோவின் பின்சீட்டில் அம்மாவோடு உட்கார்ந்து உரக்கப் படித்தாள். கேட்டுக்கொண்டே ஓட்டிய லட்கியா, யாரும் குறுக்கே வராமலே ஹாரன் அடித்தார். ஒரு தடவை அல்ல, கடைத்தெரு முடியும் வரை.

"இவ விசாரணை சில மாசத்துல முடிஞ்சு போச்சு" என்றாள் ஜம்னி, புதுத் தாலியை நெருடியபடி. "உன்ன நான் விசாரிச்சு முடிக்கத்தான் இத்தன வருஷம் ஆச்சு."

"பாஸா?"

"ரோட்டப் பாத்து ஓட்டு. அறிக்கை அப்புறம் வரும்."