மூன்றாம் ஓலை

1

ஒலி போய்விட்ட ஒரு படத்துண்டைப் பார்த்ததில்தான் இந்தக் கதை தொடங்கியது. ஒரு பெண் வாயசைக்கிறாள், அவ்வளவுதான். அவளுக்கு கிரேஸ் மேரி என்று பெயர் வைத்ததும், ஊரை வில்லியனூர்ப் பக்கம் கொண்டுவந்ததும், வருடத்தை 1973 ஆக்கியதும் என் கைவரிசை.

2

பாண்டிக் கடற்கரையில் ஹிப்பிகள் வந்து இறங்கிய காலம். காதலையும் உடம்பையும் பற்றி இங்கத்து இளசுகள் என்ன நினைக்கிறார்கள் என்று படமெடுக்க ஒரு பிரெஞ்சுக் குழு வந்தது. கான்வென்ட்டில் பிரெஞ்சு படித்த கிரேஸ் மேரி மொழிபெயர்க்கப் போனாள். அவளுக்கும் அருள்சாமிக்கும் கோயிலில் இரண்டு ஓலை வாசித்தாகிவிட்டது. (மூன்று ஞாயிறு பூசையில் கல்யாண அறிவிப்பை வாசிப்பார்கள். தடை ஏதும் தெரிந்தவர் சாமியாரிடம் சொல்லியாக வேண்டும்.)

கடைசி நாள், தென்னந்தோப்பில், டைரக்டரம்மா கேள்வியை அவள் பக்கமே திருப்பினாள். வேடிக்கை பார்த்த ஊர்க் கூட்டத்தில் பிரெஞ்சு தெரிந்தவர் எவருமில்லை என்று கண்ணால் துழாவிப் பார்த்துவிட்டு, கிரேஸ் மேரி பிரெஞ்சிலேயே பதில் சொன்னாள். கல்யாணத்துக்கு முன்னாலும் ஆசை வரும், தனக்கு வந்தது, வீராம்பட்டினத்துக்காரன் ஒருவனோடு இருந்திருக்கிறாள், அதில் வருத்தமில்லை, அருள்சாமியையும் பிடித்திருக்கிறது.

வெயிலை முகத்துக்குத் திருப்பும் வெள்ளித்தாள் பலகை இறங்கியது. அன்றைக்கு ஆள் குறைந்ததால் உதவிக்கு வந்து, அதன் பின்னால் அதைப் பிடித்துக்கொண்டு நின்றவர் இக்னேஷியஸ், அருள்சாமியின் அப்பா. பிரெஞ்சுப் பட்டாளத்தில் சொல்தாவாக, அதாவது சிப்பாயாக, இருந்து பென்ஷன் வாங்குகிறவர்.

3

முதலில் எழுதிய முடிவில் அவர் நேரே சாமியாரிடம் போய்... வேண்டாம், சினிமா மாதிரி இருக்கிறது. அடுத்ததில் எதுவும் காதில் விழாதவர் போல... அதை நானே நம்பவில்லை. உண்மையில் (எந்த உண்மை?) மூன்றாம் ஓலை வாசிக்க வேண்டிய ஞாயிறு, பூசைக்கு முன்னால் அவள் வீட்டுக்கு வந்தார்.

"பிரெஞ்சுல கேட்டத வெச்சி நான் ஒண்ணும் முடிவு பண்ண மாட்டேன் பாப்பா. எனக்கு அது பட்டாளத்து பாஷை. அதுல இன்னா வேணா பேசலாம். நீ தமிழ்ல சொல்லு. அப்பால பாக்கலாம்."

மறைக்க அவளுக்கு மனமில்லை. கல்யாணம் நின்றுபோகவும் மனமில்லை.

4

இங்கேதான் நான் மாட்டிக்கொண்டேன்.

"மாமா, நான் கெட்டுப்போ..." இல்லை, அவள் கெட்டுப்போகவில்லை. "தப்புப் பண்ணி..." பிரெஞ்சில் அப்படிச் சொல்லவில்லையே. "ஒருத்தரோட பழகி..." மழுப்பல். அதற்கடுத்த வார்த்தையை (எழுதி அடித்துவிட்டேன்) மாமனாரிடம் யார் சொல்வது? உடம்பு சந்தோஷப்பட்டதைக் குற்றம் ஒட்டாமல் சொல்ல எனக்கு ஒரு வாக்கியம் வரவில்லை. இத்தனை வருடம் என்னத்தை எழுதிக் கிழித்தேன் என்று ஆத்திரமாக வருகிறது.

பூசைக்கு இரண்டாம் மணி அடித்துவிட்டது. இக்னேஷியஸ் வாசலிலேயே நிற்கிறார். இனி உங்கள் பாடு. எனக்கு எழுதி அனுப்ப வேண்டாம். அந்த வாக்கியத்தை உங்கள் வீட்டில் யாரிடமாவது சத்தமாகச் சொல்லிப் பாருங்கள். வாய் கூசவில்லை என்றால், அவளுக்குச் சொல்லிக்கொடுங்கள்.