அசைந்த கால்

கம்பத்து உமாதேவிக்கு இரண்டு வயதில் போலியோ வந்து இரு கால்களும் சூம்பிப்போயின. கைவலிமையால் மாநில அளவிலான மாற்றுத்திறனாளிகள் பளுதூக்கும் போட்டி வரைக்கும் வந்துவிட்டாள். பெஞ்சில் படுத்து, கால்களை வாரால் கட்டிக்கொண்டு, தொண்ணூறு கிலோவை நெஞ்சிலிருந்து தூக்கி நிறுத்தினாள். தூக்கியது செல்லாதென்று சிவப்பு விளக்கு எரிந்தது.

"காலை ஆட்டிட்டீங்களேம்மா," என்றார் நடுவர்.

"அது ஆடாத கால் சார்," என்று சிரித்தாள்.

கணவன் ஈஸ்வரபாண்டி சிரிக்கவில்லை. "நானும் பாத்தேன் உமா. வலது கால் நடக்கப்போற மாதிரி எந்திரிச்சுச்சு."

அடுத்த முறை வாரை இறுக்கச் சொன்னாள். வெள்ளை விளக்கு எரிந்தது, தங்கம் அவளுக்குத்தான். சக்கர நாற்காலியில் உட்கார வைத்து அவள் வலது காலுறையைக் கழற்றிய ஈஸ்வரபாண்டி பாதத்தைக் கையில் ஏந்திப் பார்த்தான். இரண்டு வயதுக்குப் பிறகு மண்ணையே மிதிக்காத அந்தப் பாதத்தில் ஈரச் செம்மண் அப்பியிருந்தது.

அவன் துண்டை எடுத்தான். உமாதேவி அவன் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"தொடச்சிறாதீக," என்றாள்.