ஹெட்டிக்கு ஒரு க்ளோசப்

ஹெட்டி க்ராண்டலின் நரைமுடியைச் சீவிக் கொண்டை போட்டுக்கொண்டிருந்தேன். ஸ்டுடியோவில் எனக்கு அதுதான் வேலை. அவள் கண்ணாடியைப் பார்க்காமல் வசனத்தை முணுமுணுத்தபடி இருந்தாள். முப்பது வருடங்களாக ஹாலிவுட் படங்களில் சமையல்காரியாகவும் விடுதிக்காரியாகவும் யாருக்காவது அத்தையாகவும் வந்தவள். கதவைத் திறப்பாள், சூப் கொண்டுவந்து வைப்பாள், போய்விடுவாள். அன்றைக்குத்தான் முதல் க்ளோசப். தூக்குக்குப் போகும் மகனிடம் கம்பி வழியே விடைபெறும் தாய்.

"வெர்னாகிட்ட சொல்லிட்டேன், ஆல்மா," என்றாள். வெர்னா அவளுடைய அக்கா. பார்வை மாதத்துக்கு மாதம் மங்கிக்கொண்டே வந்தது. "அவ என்ன சொன்னா தெரியுமா? 'இத்தனை வருஷமா உன் முதுகைத்தானேடி பாத்துட்டிருக்கேன். என் கண்ணு அவியறதுக்குள்ளயாவது மூஞ்சியைக் காட்டுவியா'ன்னு."

சிரித்தாள். பிறகு என் கையை இறுகப் பிடித்துக்கொண்டாள். மனதுக்குள் அவளுக்காக ஒரு சின்ன ஜெபம் சொன்னேன்.

முதலில் கதாநாயகன் ராய்ஸ் டன்மோரின் க்ளோசப்பை எடுத்தார்கள். ஒருவர் முகத்தை எடுக்கும்போது எதிரே நடிப்பவர் காமிராவுக்குப் பக்கத்தில் நின்று வசனம் கொடுக்க வேண்டும். தாங்கள் படத்தில் விழப்போவதில்லை என்பதால் பலரும் ஏனோதானோவென்று ஒப்பித்துவிடுவார்கள். ஹெட்டிக்கு அப்படிச் செய்ய வராது. ஒவ்வொரு தடவையும் நிஜமாகவே அழுதாள்.

"இதையெல்லாம் உன் ஷாட்டுக்கு வச்சுக்கயேன்," என்றேன் காதோடு.

"அப்புறம் அந்தப் பையன் யாரைப் பாத்து அழுவான்? சுவத்தைப் பாத்தா?"

மதியம் அவள் முறை வந்தபோது ராய்ஸின் கார் கிளம்பிப் போயிருந்தது. அவனுடைய வசனத்தை உதவிக்கு இருந்த ஒரு பெண் மளிகைச் சீட்டு வாசிப்பதுபோல வாசித்தாள். ஹெட்டியின் கண்ணில் ஒரு சொட்டு இல்லை. திரும்பத் திரும்ப எடுத்தும் சரியாக வரவில்லை. இயக்குநர் கடிகாரத்தைப் பார்க்க ஆரம்பித்தார்.

சிறைக்காவலனாக நடித்த டியூவி வீட்டுக்குப் புறப்பட்டவர், கோட்டைக் கழற்றி வைத்துவிட்டு வந்தார். "நான் நிக்கிறேனே, சார். போன படத்துல எனக்கு இருந்ததே ஒரு வரி. அதுக்கும் இந்தம்மா வந்து நின்னாங்க."

திக்கித் திக்கித்தான் வாசித்தார். 'அம்மா' என்கிற இடத்தில் அவர் குரல் உடைந்தது. ஹெட்டியும் உடைந்தாள். விளக்குப் பிடிப்பவர்கள்கூடத் தொப்பியைக் கழற்றினார்கள்.

படம் வெளியானதும் முன்வரிசையில் மூவரும் உட்கார்ந்தோம். வெர்னா நடுவில்.

"எப்போடி வருவே?"

"சத்தம் போடாம பாரு, வெர்னா. வந்துடுவேன்."

சிறைக் காட்சி வந்தது. திரை முழுக்க ராய்ஸின் முகம். ஹெட்டியின் குரல் கேட்டது. அன்று காலை அவனுக்காக அழுதுகொண்டே கொடுத்த அதே குரல். இதோ முகம் மாறும், இதோ மாறும் என்று காத்திருந்தேன். காட்சி முடியப்போகிறது, மாறவில்லை. அவள் முகத்தை வெட்டி எறிந்திருந்தார்கள். ஹெட்டி பக்கம் திரும்ப எனக்குத் துணிவு வரவில்லை.

வெர்னா விம்மினாள். மங்கலாகத் தெரிந்த அந்தப் பெரிய முகத்தை நோக்கிக் கையை நீட்டினாள்.

"அடியே, நம்ம அம்மா மாதிரியே இருக்கேடி."

நீட்டிய அந்தக் கையை ஹெட்டி மெல்லப் பற்றி இழுத்து, தன் ஈரக் கன்னத்தில் வைத்துக்கொண்டாள். திரையில் ராய்ஸ் இன்னும் அழுதுகொண்டிருந்தான்.