எர்சிலியாவின் குரல்

ரோம் நகரின் அந்த ஒலிப்பதிவுக் கூடத்தில் எர்சிலியாவுக்கு இருப்புக் கொள்ளவில்லை. அவள் நடித்த படங்கள் எல்லாவற்றிலும் வாயசைத்தது அவள், பேசியது பின்னணிக் குரல் கொடுக்கும் நோர்மா. இந்தப் படத்திலாவது தன் குரல் ஒலிக்க வேண்டுமென்று மன்றாடி, ஒரு காட்சியைப் பேசிக்காட்ட அனுமதி வாங்கியிருந்தாள்.

திரையில் அவள் கணவனை வீட்டைவிட்டுத் துரத்தினாள். மைக் முன்னால் நின்று, தன் சொந்த ஊரான நேப்பிள்ஸின் பேச்சு வாடை மாறாமல் பேசி முடித்தாள்.

இயக்குநர் தாங்கானி சிரித்தார். "அப்பா! என் பொண்டாட்டியே வந்து நின்ன மாதிரி இருந்துது. ஆனா வேணாம்மா. நோர்மாவே பேசட்டும்."

"ஏன், மீன்காரி மாதிரி இருக்கா?"

"அதில்ல. ஜனங்க அவ குரலைத்தான் உன் குரல்னு நம்புறாங்க. இதைக் கேட்டா, உனக்கு வேற யாரோ பேசியிருக்காங்கன்னு சொல்லுவாங்க."

எர்சிலியா மைக்கை விட்டு நகரவில்லை.

"சொல்லட்டுமே. அடுத்த காட்சியைப் போடுங்க."