தலைமையாசிரியர் மகள்

ரங்கநாயகி வீசிய கைடு மேசையில் விழுந்து பேனா டப்பாவைக் கவிழ்த்தது.

"ஏனுங்க பாய், உங்க புஸ்தகத்தால என் மானமே போச்சுங்க."

கணபதி பஸ் ஸ்டாப்பில் புத்தகக் கடை வைத்திருக்கும் அமீர் ஹம்சா பேனாக்களைப் பொறுக்கினார். "வேலை மனுவுக்கு இதான் அம்மணி நல்லா ஓடற கைடு. தினம் பத்து போகுது."

"போகும், போகும்."

இரும்பு வார்க்கும் பவுண்டரியில் ஆறு வருஷமாக மணல் குழைத்து, அச்சுக்குள் வைக்கும் கோர் போடுகிறவள் அவள். வார்ப்புகளைச் சோதிக்கும் இன்ஸ்பெக்ஷனில் ஓர் இடம் காலியானதும், ப்ளஸ் டூ படித்திருக்கிறோமே என்று மனுப் போட்டாள். கைடில் இருந்த இங்கிலீஷ் கடிதத்தை எழுத்து விடாமல் பார்த்தெழுதி, பேரை மட்டும் மாற்றினாள்.

இன்று காலை மேனேஜர் பாலகோபால் அதை எல்லார் நடுவிலும் தமிழில் படித்துக் காட்டினார். 'என் தந்தை ஓய்வுபெற்ற தலைமையாசிரியர். எனக்கு முன் அனுபவம் இல்லை.'

"ஏனுங்க ஹெட்மாஸ்டர்!" என்று ஒருவன் உலைப் பக்கம் பார்த்துக் கத்தினான். அங்கே கரி அப்பிய முகத்தோடு நின்ற அவள் அப்பா சுப்பையன் தலையைக் குனிந்துகொண்டார். அதுதான் அவளுக்கு ஆறவில்லை. ஐந்து மணிக்குள் வேறு மனு கொடுக்காவிட்டால் அந்த இடம் அடுத்தவனுக்கு என்று மேனேஜர் சொல்லிவிட்டார். சாப்பாட்டு மணியில் ஓடி வந்திருக்கிறாள்.

"வேற நல்ல கைடு எடுங்க."

நாலு எடுத்துப் போட்டார். புரட்டினாள். பேங்க் கிளார்க், டைப்பிஸ்ட், டீச்சர். அட்டைதான் வேறு, உள்ளே அதே தலைமையாசிரியர் உட்கார்ந்திருந்தார்.

"மண்ணுல நிக்கறவ எழுதற லெட்டர் எந்தப் பக்கத்துல இருக்குதுங்க?"

"அவங்கல்லாம் எங்க அம்மணி கைடு வாங்கறாங்க?"

"நான் வாங்குனேனுங்களே! என்ர காசு காசில்லீங்களா?" நாலையும் அவர் பக்கம் தள்ளினாள். "வெள்ளைத்தாள் ஒண்ணு குடுங்க."

நின்றபடியே, தாள் கிழியும்போல அழுத்தி, தமிழில் எழுதினாள்.

ஐந்தாகப் பத்து நிமிஷம் இருக்கையில், வேலை நடக்கிற இடத்திலேயே பாலகோபாலிடம் நீட்டினாள்.

"தமிழ்லயா? கைடு என்னாச்சு, ஹெட்மாஸ்டர் மகளே?" என்று சிரித்துக்கொண்டே வாங்கினார்.

'அப்பா சுப்பையன், உங்கள் உலையில் இருபது வருஷம். நான் கோரில் ஆறு வருஷம். வார்ப்பைத் தட்டினால் எங்கே விரிசல் என்று சொல்வேன். போன மாசம் விரிசலென்று திரும்பி வந்த பம்ப் வார்ப்புகளை, அனுப்பும் முன்பே வேண்டாமென்று உங்களிடம் சொன்னவள் நான்தான்.'

அவர் சிரிப்பு நின்றது. உதடு அசையாமல் மறுபடி முதலிலிருந்து படித்தார்.

"சத்தமாங்க," என்றாள் ரங்கநாயகி. "காலையில படிச்ச மாதிரி. எங்கப்பனுக்குக் கேக்கோணும்."